பாலத்துக்கு இந்தப் பக்கம்

உலகம் அழிந்து போவதில் என் கொழுந்தனுக்கு எந்த வருத்தமும் இருந்ததில்லை. அழிந்த பிறகு வரும் முதல் ஒரு மணி நேரத்தை எப்படித் தாக்குப்பிடிப்பது என்பதுதான் அவன் கவலை.

"கண்ல படறதெல்லாம் எடுத்துப் பைல போட்டுக்காதீங்க மக்களே. பை கனத்துச்சுன்னா ஓட முடியாது. தண்ணி கெடச்சா உடனே குடிக்காதீங்க, துணில வடிகட்டுங்க. நாய் தொரத்துச்சுன்னா சண்டைக்குப் போகாதீங்க, அப்படியே உக்காந்துடுங்க. மொத மொதல்ல கூப்ட்டு ஹெல்ப் பண்றான் பாருங்க, அவன மட்டும் நம்பவே நம்பாதீங்க."

இது எனக்கு மனப்பாடம். என் தாலியின் மேல் ஆணையாகச் சொல்கிறேன், நான் கேட்டு மனப்பாடம் செய்ததில்லை. அது தானாக என்னுள் வந்து உட்கார்ந்துகொண்டது. ஈஜிபுராவில் எங்களுடையது ஒரு படுக்கையறை, ஒரு ஹால், ஓர் ஆள் நின்றால் இன்னோர் ஆள் வெளியே போகவேண்டிய சமையலறை. ஹாலில் கொழுந்தன். ஹாலில் டிவி. டிவியில் அந்த விளையாட்டு.

ஏதோ ஒரு நாட்டில் கெட்ட தூசி மழையாகக் கொட்டி ஊரெல்லாம் செத்துப்போய்விடுகிறது. மிச்சமிருப்பவர்கள் ஒரு வாய்த் தண்ணீருக்கு அடித்துக்கொள்கிறார்கள். ஆடுகிறவன் கவிழ்ந்து கிடக்கும் ரயில் பெட்டிக்குள் கண்விழிப்பான். அங்கிருந்து நடந்து, ஒரு கிணற்றையும் இடிந்த பள்ளிக்கூடத்தையும் தாண்டி, ஆற்றுப் பாலத்தைக் கடந்து நகரத்துக்குள் போகவேண்டும். கதையே நகரத்தில்தான் தொடங்குகிறதாம். இதில் மூன்று பாகங்கள் வந்துவிட்டன, நான்காவது வரப்போகிறது என்று அவன் யூடியூபில் ஒரு சேனல் வைத்துச் சொல்லிக்கொண்டிருந்தான். புதிதாக ஆட வருகிறவர்களுக்குக் குறிப்புகள், புதிதாக வரப்போவதைப் பற்றிய செய்திகள். இந்த இரண்டுதான் அவன் சேனல். கேட்கிறவர்களும் இருந்தார்கள். சேலத்திலிருந்தும் சிங்கப்பூரிலிருந்தும் பையன்கள் "ப்ரோ, ப்ரோ" என்று எழுதுவார்கள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில்தான் பதிவு செய்வான். ஞாயிற்றுக்கிழமை காலையில்தான் நான் குக்கர் வைப்பேன்.

"வணக்கம் மக்களே, புதுசா ஆட வர்றவங்களுக்கு..." என்று அவன் தொடங்குவான். குக்கர் விசிலடிக்கும். ஹாலிலிருந்து ஒரு பெருமூச்சு. பிறகு அந்த வாக்கியம்.

"பரவால்ல அண்ணி. மொதல்ல இருந்து பண்ணிக்கறேன்."

மறுபடி வணக்கம் மக்களே. தெருவில் தண்ணீர் லாரி ரிவர்ஸ் எடுக்கும். மொதல்ல இருந்து. பழைய பேப்பர்காரர் "ஹளே பேப்பர்ர்ர்" என்று கூவிக்கொண்டு போவார். மொதல்ல இருந்து. ஒரு தடவை எல்லாம் நன்றாக முடிந்து, கடைசி வாக்கியத்தில் அவனுக்கே தும்மல் வந்துவிட்டது.

"அந்த ஒரு எடத்த மட்டும் வெட்டிட்டு ஒட்டிக்கக் கூடாதாடா?" என்று கேட்டேன்.

"ஒட்டினா ஒட்டினது தெரியும் அண்ணி," என்றான், நான் என்னவோ கெட்டுப்போன குழம்பைப் பரிமாறச் சொன்னதுபோல.

அவனுடைய குணமே இந்த ஒன்றுதான். மற்றபடி நல்லவன். குடியில்லை, புகையில்லை, தட்டைக் கழுவி வைப்பான், எனக்குத் தலைவலி என்றால் மெடிக்கலுக்கு ஓடுவான். ஆனால் எதிலாவது ஒரு சின்னக் கோணல் விழுந்துவிட்டால் அதற்கு மேல் அதைத் தொடர அவனால் முடியாது. எஞ்சினியரிங் சேர்ந்து ஒரு பேப்பரில் தவறினான். அதை எழுதித் தேறவில்லை. கல்லூரியையே விட்டுவிட்டு பி.காம். முதல் வருடத்தில் போய் உட்கார்ந்தான். அங்கே வகுப்பில் யாரோ அவனைப் பார்த்துச் சிரித்தார்களாம், பி.சி.ஏ. முதல் வருடம். அதை எப்படி முடித்தான் என்பது எனக்கு இன்றும் விளங்கவில்லை. வேலைகளும் அப்படியே. மேனேஜர் முகம் சுளித்த மறுவாரம் புதுக் கம்பெனி, புது அடையாள அட்டை, "இங்க ஃப்ரெஷ்ஷா ஸ்டார்ட் பண்றேன் அண்ணி" என்று சாமி படத்தடியில் வைத்துக் கும்பிடுவது.

என் கணவரிடம் சொன்னால், "விடு, சின்னப்பையன், செட்டில் ஆயிடுவான்" என்பார். சின்னப்பையனுக்கு நெற்றி மேலேறத் தொடங்கியிருந்தது.

பெண் பார்க்கப் போன கதையைச் சொன்னால்தான் நான் பட்ட பாடு தெரியும். அல்சூரில் நல்ல குடும்பம், பெண் ஆசிரியை. நாங்கள் உள்ளே நுழைந்ததும் கதவைத் திறந்தவரைப் பார்த்து இவன், "வணக்கம் ஆன்ட்டி, உங்க பொண்ணு..." என்று தொடங்கிவிட்டான். திறந்தது பெண்ணின் அக்கா. அவருக்கு என் வயதுதான் இருக்கும். அவர் முகம் போன போக்கை நான் பார்த்தேன். சரி, பெரிய விஷயமில்லை, சிரித்து மழுப்பிவிடலாம், காபி வந்தால் எல்லாம் அடங்கிவிடும் என்று நினைத்து நான் சோபாவில் உட்கார்ந்தேன்.

"ஒரு நிமிஷம்," என்றான் இவன்.

வெளியே போனான். ஷூவை மாட்டினான். கதவைச் சாத்தினான். காலிங்பெல் அடித்தான்.

அந்த வீட்டில் யாரும் அசையவில்லை. அவன் மறுபடி அடித்தான். கடைசியில் பெண்ணே எழுந்து போய்க் கதவைத் திறந்தது. "வணக்கம்," என்று கைகூப்பி, புது ஆள்போல உள்ளே வந்தான். அந்தப் பெண் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தது. எனக்கு அது நல்ல சிரிப்பாகத்தான் பட்டது. ஆனால் அப்பாக்காரர் சிரிக்கவில்லை. இரண்டு நாள் கழித்துத் தரகர் போன் செய்து, "தம்பிக்கு ஏதாச்சும் ட்ரீட்மெண்ட் போயிட்டிருக்கா மேடம்? மறைக்காம சொல்லுங்க," என்றார்.

"ஏன்டா அப்படிப் பண்ணின?" என்று அவனிடம் கேட்டேன்.

"மொத வார்த்தையே தப்பாயிடுச்சு அண்ணி. அதுக்கப்புறம் நான் எவ்ளோ நல்லா பேசினாலும் அதுமேலதானே நிக்கும்?"

அவன் அதைச் சொன்ன விதத்தில் எனக்குக் கோபம் பாதியில் நின்றுவிட்டது. கிண்டலாகச் சொல்லவில்லை. உண்மையிலேயே அவனுக்கு வலித்தது.

இதற்கிடையில் நான்காவது பாகம் வந்துகொண்டே இருந்தது. அதாவது, வரவில்லை. இந்தத் தீபாவளிக்கு வரும் என்றான், அந்த வாரத்துக்கு லீவும் போட்டுவைத்தான். பிறகு கோடைக்கு என்றார்கள். ஒரு நிமிட முன்னோட்டப் படத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்து, ஓரத்தில் தெரியும் சுவரொட்டியில் என்ன எழுதியிருக்கிறது என்று மணிக்கணக்கில் விளக்குவான். "புது பார்ட்டுல மழை உண்டு மக்களே! மழைத்தண்ணிய புடிச்சு வெக்கலாம்!" பிறகு ஒரு நாள் கம்பெனி அறிவித்தது: இதுவரை செய்தது திருப்தியாக இல்லை, எல்லாவற்றையும் ஒதுக்கிவிட்டுப் புதிதாகத் தொடங்குகிறோம், தேதி பிறகு சொல்கிறோம். ஊரே அவர்களைத் திட்டியது. சேலத்துப் பையன்கள் கெட்ட வார்த்தையில் எழுதினார்கள். இவன் மட்டும் கண் கலங்கச் சமையலறை வாசலில் வந்து நின்றான்.

"மொதல்ல இருந்து பண்றாங்களாம் அண்ணி. எவ்ளோ பெரிய மனசு பாருங்க."

நான் கரண்டியைக் கீழே வைத்துவிட்டு அவனையே பார்த்தேன்.

எனக்கு ஏழாம் மாதம் ஆனபோது டாக்டர் ஓய்வு என்று சொல்லிவிட்டார். பல் கிளினிக்கில் ரிசப்ஷனில் இருந்தேன். லீவு போட்டுவிட்டு ஹாலில் கால் நீட்டி உட்கார்ந்தேன். கால்கள் இரண்டும் வீங்கித் தூண்போல இருந்தன. கணவரும் கொழுந்தனும் வேலைக்குப் போய்விடுவார்கள். எத்தனை நாளைக்குத்தான் சீரியல் பார்ப்பது? ஒரு மத்தியானம் அவனுடைய கன்சோலை எடுத்து அந்த விளையாட்டைப் போட்டேன்.

எனக்கு ஓடத் தெரியவில்லை, குறிபார்க்கத் தெரியவில்லை. கண்ணில் பட்டதையெல்லாம் எடுத்துப் பையில் போட்டேன். கிணற்றடியில் ஒரு கிழவர் தண்ணீர் கேட்டார், பட்டனை மாற்றி அழுத்தி அவரை உதைத்துவிட்டேன். அவர் கோபித்துக்கொண்டு போய்விட்டார். நாய் கடித்துக் கால் போயிற்று. இருந்தும் நான் பாட்டுக்கு நடந்தேன். எனக்கு அந்த ரயில் பெட்டிக்குத் திரும்பப் போகிற உத்தேசம் இல்லை. மறுபடி அவ்வளவு தூரம் யார் நடப்பது? சாயங்காலம் கொழுந்தன் வீட்டுக்கு வந்தபோது நான் பாலத்தின் மேல் நொண்டிக்கொண்டிருந்தேன்.

பையைக்கூட இறக்காமல் நின்றான்.

"அண்ணி... அந்தக் கெழவன்?"

"அவரா? ஒதச்சுட்டேன்."

"அவன் இல்லன்னா நகரத்துல கதவு தெறக்க ஆளில்லையாம் அண்ணி. கால் வேற போயிருக்கு. மருந்தும் இல்ல. இப்படியேவா போவீங்க? நிறுத்துங்க, மொதல்ல இருந்து நான் ஆடித் தரேன்."

"போடா. நான் இப்படியேதான் போவேன்."

பாலம் முடிந்தது. அந்தப் பக்கம் இறங்கினேன். அவன் மெல்ல என் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தான். வாயை லேசாகத் திறந்தபடி திரையையே பார்த்துக்கொண்டிருந்தான். அப்போதுதான் எனக்கு உறைத்தது.

"டேய், நீ இதுவரைக்கும் இங்க வந்ததே இல்லையா?"

தோளிலிருந்த பையைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டான்.

"மூணு பார்ட் ஆடியிருக்க. ஊருக்கெல்லாம் டிப்ஸ் சொல்ற."

"ஆரம்பிக்கறவங்களுக்குத்தானே சொல்றேன்," என்றான் சின்னக் குரலில்.

அவனுடைய சேனலில் போய்ப் பார்த்தேன். ஒவ்வொரு வீடியோவின் கீழும் யாராவது ஒருவர், 'ப்ரோ, பாலத்துக்கு அப்புறம் என்ன பண்றதுன்னு போடுங்க' என்று கெஞ்சியிருந்தார்கள். ஒவ்வொருவருக்கும் இவன், 'விரைவில் மக்களே' என்று பதில் போட்டிருந்தான். வருடக்கணக்காக.

அன்று இரவுச் சாப்பாடு முடிந்ததும் கணவரிடம் உறுதியாகச் சொல்லிவிட்டேன். குழந்தை வருவதற்குள் இவன் வேறு இடம் பார்த்துக்கொள்ளட்டும். எனக்கு ஹால் வேண்டும், தூளி கட்ட வேண்டும், என் அம்மா வந்து தங்க வேண்டும். "எங்க போவான் அவன்?" என்றார். "எங்கயாச்சும் போகட்டும், ஒரு எடத்துல ஒழுங்கா தொடங்கி முடிக்கட்டும்," என்றேன். அவனுக்குக் கேட்டிருக்க வேண்டும். மறுநாளே அறை பார்க்கப் போனான். பார்த்த அறைக்கெல்லாம் ஒரு குறை இருந்தது. நீலசந்திராவில் ஓர் அறை பிடித்து அட்வான்ஸ்வரை பேசிவிட்டு, வீட்டுக்காரம்மா பெயரைத் தப்பாகச் சொல்லிவிட்டதற்காகத் திரும்பி வந்துவிட்டான்.

இப்படியிருக்க, டாக்டர் சொன்ன தேதிக்கு ரொம்ப முன்னாலேயே எனக்கு வலி எடுத்துவிட்டது. நல்ல பகல். வெளியே மழையென்றால் அப்படியொரு மழை. கணவர் எலக்ட்ரானிக் சிட்டியில். ரோடெல்லாம் தண்ணீர், வண்டி நகரவில்லை என்று போனில் அழாத குறை. ஆப்பில் ஆட்டோ கிடைக்கவில்லை. வீட்டில் இருந்தது அன்று லீவு போட்டிருந்த கொழுந்தனும், கணவருடைய பழைய காரும். இவனுக்கு லைசென்ஸ் உண்டு. டிரைவிங் ஸ்கூலில் எத்தனை தடவை முதல் வகுப்பிலிருந்து போனான் என்று கேட்காதீர்கள்.

கிளம்பினோம். விவேக்நகர் பக்கம் திரும்ப வேண்டிய இடத்தில் திரும்பவில்லை. பயத்தில் நேராகப் போய்விட்டான். நேரே போனால் பள்ளம். தண்ணீர் கார்க் கதவு வரை ஏறி, வண்டி இருமி நின்றது. பின்னால் ஹாரன். நான் முன்சீட்டைப் பிடித்துக்கொண்டு பல்லைக் கடித்துக்கொண்டிருக்கிறேன். அவன் ஸ்டியரிங்கை விடாமல் திரும்பி என்னைப் பார்த்தான். முகத்தில் ரத்தமே இல்லை.

"அண்ணி, தப்பான ரோட்ல வந்துட்டேன். வீட்டுக்குத் திரும்பிப் போயிடலாம். அங்கருந்து வேற வண்டி புடிச்சு, சரியான ரூட்ல மொதல்ல இருந்து..."

எனக்கு எங்கிருந்து அந்தக் குரல் வந்ததென்று தெரியாது. அவன் சட்டைக் காலரைப் பின்னாலிருந்து பிடித்து இழுத்தேன்.

"வீட்டுக்குப் போனா வீட்லயே பொறந்துடும்டா! எங்க நிக்கறியோ அங்கருந்து போ! தப்பு ரோடுன்னா தப்பு ரோட்லயே போ! எறங்குடா மொதல்ல!"

இறங்கினான். முழங்காலுக்கு மேல் தண்ணீர். அங்கும் இங்கும் பார்த்துவிட்டு, எதிரே ஊர்ந்து வந்த லக்கேஜ் ஆட்டோவின் முன்னால் போய்க் கையை விரித்து நின்றுவிட்டான். தண்ணீர் கேன் போடும் வண்டி. டிரைவர் தாடி வைத்த பெரியவர், கன்னடத்தில் கத்தினார். இவனும் கன்னடத்தில் பதிலுக்குக் கத்தினான். நீலசந்திராவில் பிறந்து வளர்ந்தவனுக்குக் கன்னடம் தண்ணீர் பட்ட பாடு. ஆனால் அவன் ஒருவரிடம் குரலை உயர்த்தி நான் கேட்டதே இல்லை. பெரியவர் என்னைப் பார்த்தார். "அய்யோ, பன்னி அம்மா, பன்னி," என்று கன்னடத்தில் 'வாங்க' சொல்லிக் கதவைத் திறந்து, தன் சீட்டில் பாதியை எனக்கு விட்டார். கொழுந்தன் பின்னால் கேன்களுக்கு நடுவே தொற்றிக்கொண்டான்.

"அண்ணி, ஆஸ்பத்திரி ஃபைலு கார்லயே..." என்று பின்னாலிருந்து குரல் வந்தது.

"விடுடா!"

"சரி அண்ணி!"

அந்த வண்டி எந்தெந்தச் சந்தில் புகுந்தது என்று கடவுளுக்குத்தான் தெரியும். ஒவ்வொரு குழிக்கும் கேன்கள் உருண்டன, ஒவ்வொரு குழிக்கும் இவன் பின்னாலிருந்து, "மெதுவா சார்! சீக்கிரம் சார்!" என்று இரண்டையும் சேர்த்துக் கத்தினான். பெரியவர் என்னை உருதுவில் மகளே என்று அழைத்து, தமிழும் கலந்து, "பயப்படாதே பேட்டி, எனக்கு நாலு பசங்க, எல்லாம் மழைக்காலத்துல பொறந்ததுங்க," என்றார்.

ஆஸ்பத்திரியில் என்னைத் தள்ளுவண்டியில் படுக்க வைத்தார்கள். தலைமாட்டில்தான் கவுண்டர். சேர்க்கைப் படிவத்தை இவன் கையில் கொடுத்து எழுதச் சொன்னார்கள். ஈரம் சொட்டச் சொட்ட எழுதினான். எழுதிவிட்டு அப்படியே நின்றான்.

"சிஸ்டர், புது ஃபார்ம் ஒண்ணு குடுக்கறீங்களா?"

"ஏன், என்ன ஆச்சு?"

"கணவர் பேருன்னு இருக்கற எடத்துல என் பேர எழுதிட்டேன்."

அவ்வளவு வலியிலும் நான் கண்ணைத் திறந்தேன். நர்ஸ் அவனை மேலும் கீழும் பார்த்தாள்.

"அடிச்சுட்டு மேல எழுதுங்க சார்."

"இல்ல சிஸ்டர், நீட்டா புதுசா..."

"அடிச்சுட்டு மேல எழுதுங்க!" என்று நானும் அவளும் சேர்ந்தே சொன்னோம்.

அடித்தான். மேலே அவன் அண்ணன் பெயரை எழுதினான். அந்தக் கோட்டை இழுக்கும்போது அவன் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும், தன் விரலையே வெட்டிக்கொள்கிறவன்போல இருந்தான். என்னை உள்ளே தள்ளிக்கொண்டு போனார்கள்.

பெண் குழந்தை. இருவரும் நலம். கணவர் வந்து சேர்ந்தபோது குழந்தை பிறந்து இரண்டு மணி நேரம் ஆகியிருந்தது. வரும் வழியில் தண்ணீரில் நிற்கும் தன் காரைப் பார்த்துவிட்டு, எங்களுக்கு என்ன ஆயிற்றோ என்று பாதி உயிரோடு ஓடி வந்திருக்கிறார். கொழுந்தன் வராந்தாவில் நனைந்த சட்டையோடு பெஞ்சில் உட்கார்ந்தபடியே தூங்கிப்போயிருந்தானாம்.

அதற்கப்புறம் அவன் மாறிவிட்டான் என்று சொல்லி முடித்தால் கேட்க நன்றாக இருக்கும். அப்படியெல்லாம் ஒன்றும் நடக்கவில்லை. குழந்தைக்குத் துணி மடித்துப் போர்த்தத் தொடங்குவான், ஒரு நுனி கோணலாகிவிடும், பிரித்துவிட்டு மறுபடி மடிப்பான். அதற்குள் அவள் ஈரமாக்கிவிடுவாள். என் அம்மா தலையில் அடித்துக்கொண்டாள்.

சில மாதம் கழித்து புனேயில் வேலை கிடைத்தது. விளையாட்டுகளைச் சோதித்துப் பார்க்கும் கம்பெனி. வெளிவருவதற்கு முன்னால் ஆடிப் பார்த்துக் குறை கண்டுபிடித்துச் சொல்ல வேண்டும். அவனுக்குக் கொடுத்தது எந்தப் பகுதி தெரியுமா? ஏதோ ஒரு விளையாட்டின் முதல் ஒரு மணி நேரம். காலையிலிருந்து சாயங்காலம் வரை அதையே திரும்பத் திரும்பத் தொடக்கத்திலிருந்து ஆட வேண்டும், அதற்குச் சம்பளம். கடவுள் இவனுக்காகவே உட்கார்ந்து யோசித்து ஒரு வேலையைப் படைத்திருக்கிறார் என்று நானும் கணவரும் சிரித்து, ரயிலேற்றிவிட்டு வந்தோம். அன்று ஹால் ரொம்பப் பெரிதாகத் தெரிந்தது. அதில் எனக்குக் கொஞ்சம்கூட மகிழ்ச்சி வரவில்லை என்பது இன்னொரு எரிச்சல்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் போன் செய்தான். குரல் சரியில்லை.

"என்னடா, ஒடம்பு முடியலையா?"

"ஒடம்பெல்லாம் நல்லாத்தான் இருக்கு அண்ணி. வேலதான் முடியல. ஒரே எடத்தையே திரும்பத் திரும்ப ஆடச் சொல்றாங்க. கொஞ்சம் மேல போகலாம்னு பாத்தா, வேணாம், மொதல்ல இருந்து வாங்கன்றாங்க. எந்நேரமும் மொதல்ல இருந்து, மொதல்ல இருந்து. மனுசனுக்குப் பைத்தியம் புடிச்சுடாதா? சொல்லுங்க அண்ணி, ஒரு ஆளுக்கு இப்படியா பண்ணுவாங்க?"

நான் போனைக் காதிலிருந்து எடுத்து ஒரு முறை பார்த்தேன். பிறகு மறுபடி காதில் வைத்தேன்.

"அண்ணி? லைன்ல இருக்கீங்களா?"

"இருக்கேன்டா. சொல்லு."

"கடைசிப் பகுதி பாக்கற டீமுக்கு மாத்துங்கன்னு கேட்டிருக்கேன். எப்படி முடியுதுன்னு பாக்கணும் எனக்கு. அடுத்த மாசம் சொல்றோம்னாங்க."

"நல்லது. மாத்தலன்னா?"

புனேயில் எங்கோ ஒரு நாய் குரைத்தது.

"மாத்தலன்னா விட்டுட்டு வேற எங்கயாச்சும் ஃப்ரெஷ்ஷா..."

"டேய்!"

"சும்மா சொன்னேன் அண்ணி," என்று சிரித்தான்.

சும்மாதான் சொன்னானா என்று எனக்கு இன்றும் தெரியாது. அவன் கேட்ட டீமுக்கே மாற்றிக் கொடுத்துவிட்டார்கள்.